மிச்சம் திறக்காத நாட்கள்

தாரம் 31

வடக்குப் பாறை சரிந்து கழுதைப் பாதை மூடிக்கொண்ட வருடம் இது. அதனால் உப்பு வராமல் ஊரே சப்பென்று தின்ற வருடம். மேற்கே ஒரு வால்மீன் வந்து, மாமியார் வீட்டை விட்டுக் கிளம்ப மனமில்லாத மாப்பிள்ளை மாதிரி மாதக்கணக்கில் நின்றது. நாள்காரர் வீட்டு எருமை இரட்டைக் கன்று போட்டது. மேலத்தெருவில் இரண்டு பேர் ஒரே பெண்ணைக் கேட்டு அடித்துக்கொள்ள, அவள் இருவரையும் விட்டுவிட்டுக் கள்ளிக்காட்டுக்காரனோடு போனதும் இதே வருடம்தான். இதற்குமேல் அடையாளம் தேவையில்லை. பின்னால் வருகிறவர்கள் எந்த வருடம் என்று குழம்ப மாட்டார்கள்.

நான் வேம்பன். கைக்கிளை மாதத்தில் பிறந்தவன். எழுத்து தெரியாது. நான் சொல்லச் சொல்ல மருமகள் அல்லி எழுதுகிறாள். மிச்சம் வரும் வருடத்தில், போன தடவை அதைக் கேட்டவர்கள் தினமும் தங்கள் காதில் விழுந்ததைச் சொல்லி எழுதி வைக்க வேண்டும் என்பது நாள்காரர் இருளப்பரின் உத்தரவு. நாள்காரர் என்றால் ஊருக்கு நாள் கணக்குப் பார்க்கிறவர். நாங்கள் உயிரோடு இருக்கிறோமா என்று வீடு வீடாக வந்து பார்க்க அவருக்கு முழங்கால் வலி.

இன்று காதில் விழுந்தது: அம்மிச் சத்தம். நாய். தூண் அடிக்கிற தூண்காரன் காலையில் தாரம் மாதத்துக் கல்தூணை அடித்தது. அதுவும் அரைத்தூக்கத்தில் அடித்ததுபோல் மொண்ணையாக இருந்தது. அவன் அப்பன் அடித்தால் கூரையில் இருக்கும் எலி இறங்கி ஓடும்.

தாரம் 34

உப்பில்லாத கஞ்சி. அல்லி ஏதோ சொன்னாள். இந்தக் காலத்துப் பெண்கள் வாய்க்குள்ளேயே பேசி வாய்க்குள்ளேயே முடித்துக்கொள்கிறார்கள். “சத்தமாச் சொல்லு” என்றேன். சொன்னாள். உப்பில்லை என்பதைத்தான் சொன்னாளாம். அது எனக்குத் தெரியாதா?

மகன் கடம்பன் பாறைக்கு அந்தப் பக்கம் உப்பு வாங்கப் போனவன், அங்கேயே மாட்டிக்கொண்டான். அவன் பெண்டாட்டி நிறைமாதமாக இங்கே இருக்கிறாள். பாறையை உடைக்கப் போனவர்கள் தினமும் சாயங்காலம் திரும்பி வந்து, நாளைக்கு உடைத்துவிடுவோம் என்கிறார்கள்.

தாரம் 36

பாதை அடைபட்டதால் ஊரில் தங்கிவிட்ட வெளியூர்க் கழுதைக்காரன் ஒருவன் இன்று வாசலில் வந்து உட்கார்ந்தான். “என்ன பெரியவரே, உங்க ஊர்ல எதுக்கெடுத்தாலும் கல்லத் தட்டுதிய?” என்று கேட்டான். கோபம் வந்தாலும் சொன்னேன்.

எங்களுக்கு ஏழு தூண், ஏழு மாதம். குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம். ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு விண்மீன் உண்டு. அது கிழக்கே தலைகாட்டும் விடியலிலிருந்து தினமும் காலையில் அந்த மாதத்தின் தூணை அடிப்போம். அந்த மாதம் பிறந்த பிள்ளைக்கு அதுதான் சுரம். வாய்க்காலில் தண்ணீர் முறை, கல்யாணப் பொருத்தம், சபையில் உட்காரும் இடம் எல்லாம் சுரத்தை வைத்துத்தான். செத்தாலும் அதே தூணை அடித்துத்தான் வழியனுப்புவோம்.

“அப்ப மிச்சம் மிச்சம்னு ஊரே பேசுதே, அது என்ன?”

ஒரு தூணோடு இசைய அடுத்தது, அதோடு இசைய அடுத்தது என்று சுரம் கூட்டிக்கொண்டே போனால், ஒரு சுற்று முடிந்து புறப்பட்ட இடத்துக்கு வந்து சேர வேண்டும். சேராது. மயிரிழை தாண்டி நிற்கும். வானமும் அப்படித்தான். ஏழு மாதமும் முடிந்து, பேசா நாள் ஒன்றும் கழிந்து பார்த்தால், கிழக்கே வர வேண்டிய குரல் மாதத்து விண்மீனான அறுமீன் இன்னும் கொஞ்சம் பிந்தும். அந்தப் பிந்தல் வருடா வருடம் சேர்ந்து, அறுபது வருடத்துக்கு ஒருமுறை பதினைந்து நாளாகும். அந்தக் குட்டி மாதத்துக்குப் பெயர் மிச்சம். அந்த மயிரிழைதான் அதன் சுரம்.

“அதுக்கு எந்தத் தூணு?”

“தூணு கிடையாதுய்யா. தூணு நட்டுட்டா அது எப்படி மிச்சமாவும்?”

பாட்டுக்காரர் ஒருவர் குரல் தூணின் ஒலிமேல் அந்தச் சுரத்தைப் பாட வேண்டும். போன தடவை கேட்டவர்களில் உயிரோடு இருக்கிற காதெல்லாம் ‘இதுதான்’ என்று ஒப்ப வேண்டும். எல்லாக் காதும் ஒப்பினால் மாதம் திறக்கும். இப்போது இருப்பது மூன்று பேர். நான், படுக்கையில் கிடக்கும் கொம்பையா, மேலத்தெருக் கிழவி.

“ஒப்பலேன்னா?” என்றான் கழுதைக்காரன்.

இவனுக்குக் கழுதைகளோடு இருப்பதுதான் சரி.

தாரம் 40

கொம்பையாவைப் பார்க்கப் போனேன். கயிற்றுக்கட்டிலில் கிடக்கிறான். உடம்பு கட்டிலின் கயிறு மாதிரியே ஆகிவிட்டது. மேலத்தெருக் கிழவி எனக்கு முன்னமே வந்து, அவனுக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டிருந்தாள். சடைச்சி. எனக்கு அத்தை மகள். என்னைவிட ஒரு வயது மூத்தவள் என்பதை ஒரு பட்டம் மாதிரி சொல்லித் திரிகிறவள்.

“வாலே வேம்பா. இப்பத்தான் எந்திரிச்சியா?” என்றாள்.

இதுதான் அவள் குத்து. மிச்சம் திறந்த அந்த விடியலில் நாங்கள் எல்லாரும் பிள்ளைகள். ஒரே பாறையில் உட்கார்ந்திருந்தோம். நான் தூங்கிவிட்டேன் என்று அன்றிலிருந்து சொல்லி வருகிறாள். நான் தூங்கவில்லை. பாட்டுக்காரர் வலது தோளில் காவித்துண்டு போட்டிருந்தார். அதன் ஓரத்தில் எலி கடித்த ஓட்டை இருந்தது. சடைச்சி கையில் கொடுக்காப்புளி வைத்துத் தின்றாள். கேட்டும் எனக்கு ஒன்றுகூடத் தரவில்லை. தூங்கினவனுக்கு இதெல்லாம் எப்படித் தெரியும்?

“கொடுக்காப்புளி தின்னேன்னு சொல்லுதானே, அது கனவுல கண்டது” என்றாள் கொம்பையாவிடம்.

கொம்பையா சிரித்தான். சிரிப்பு இருமலாகி, இருமல் நிற்கவில்லை. பிறகு மெதுவாக ஏதோ சொன்னான். நான் குனிந்தேன். மறுபடி சொன்னான். சடைச்சிதான் கத்தினாள்: “மிச்சத்தக் கேட்டுட்டுத்தான் சாவானாம்லே! நாம ரெண்டு பேரும் சண்ட போடாம இருந்தா!”

நான் யாரோடும் சண்டை போடுகிறவன் இல்லை. எழுது அல்லி, அப்படியே எழுது.

தாரம் 45

மருத்துவச்சி வந்து அல்லியின் வயிற்றைத் தொட்டுப் பார்த்தாள். பிள்ளை மிச்சத்துக்குள் விழும் என்றாள். நல்லது. மிச்சத்தில் பிறந்தவர்களுக்கு எந்த மாதத்துக்காரர்களோடும் தண்ணீர் பாய்ச்சலாம், எந்தச் சுரத்திலும் பெண் எடுக்கலாம் என்று உரிமை உண்டு. மிச்சம் திறக்குமுன் விழுந்தால்தான் தொந்தரவு. தாரம் முடிந்து மிச்சம் திறக்காமல் கிடக்கும் நாட்களுக்குப் பெயர் கிடையாது. அதில் பிறப்பவர்களுக்குச் சுரமும் கிடையாது.

போன தடவை மேகம் கவிந்து இரண்டு நாள் பெயரில்லாமல் போயிற்று. அதில் பிறந்தவர்தான் ஆட்டுக்காரர். சுரமில்லாதவருக்குப் பெயர் வைக்கும் சடங்கு இல்லை என்பதால் அவரை எல்லாரும் கைதட்டித்தான் கூப்பிடுவார்கள். அல்லி மட்டும் அண்ணாச்சி என்பாள். இன்று பால் கொண்டுவந்தவரிடம், வாசலில் நிற்காமல் உள்ளே வந்து உட்காருங்கள் என்றாள். அவர் உட்காரவில்லை.

“ஒனக்குச் சொல்லுதேன் தாயி,” என்றார் அவர். “பேரு இல்லாதது பெருசில்ல. தண்ணி முறைக்கு வரிசையில நிக்கும்போதுதான் தெரியும். முன்னால போன்னு சொல்ல ஆளிருக்காது. பின்னால நில்லுன்னு சொல்லவும் ஆளிருக்காது. வரிசையே நம்மளத் தாண்டிப் போயிரும்.”

அல்லி ஏதோ சொல்லிக்கொண்டே பாலை உள்ளே எடுத்துப் போனாள். அதையும் வாய்க்குள்தான் சொன்னாள்.

தாரம் 49

வேப்பமரத்தில் இந்த வருடம் சில்வண்டே இல்லை. வெயில் இருக்கிறது, வண்டு இல்லை. வானத்தின் கணக்கு கெட்டால் பூச்சியின் கணக்கும் கெடும். நாள்காரரிடம் சொல்ல வேண்டும்.

தாரம் 52

சொன்னேன். இருளப்பர் என்னையே பார்த்துக்கொண்டு நின்றார். “சரி, எழுதிக்கிடுதேன்” என்றார். எழுதவில்லை.

பேசா நாள்

இன்று ஊரில் யாரும் வாய் திறக்கக் கூடாது. மாமா சொல்லவும் முடியாது, நாள் எழுதாமல் விடவும் முடியாது. அதனால் அல்லி நானே எழுதுகிறேன். அவருக்குப் படிக்கத் தெரியாது.

ஊர் வாய் மூடியதால் சில்வண்டுச் சத்தம் மட்டும்தான் இருக்கிறது. எங்கள் வேப்பமரத்தில் மட்டும் எத்தனை வண்டுகளோ. மத்தியானம் காதைப் பொத்திக்கொண்டுதான் படுத்தேன். வயிற்றுக்குள் பிள்ளையும் தூங்கவில்லை. மாமா அந்த மரத்தடியில்தான் உட்கார்ந்திருந்தார். என்னைக் கண்டதும் கிளைகளைக் காட்டி, இரண்டு கையையும் விரித்தார். பார்த்தாயா, ஒரு வண்டு இல்லை என்று அர்த்தம்.

நான் தலையாட்டினேன்.

பெயரில்லா நாள், முதலாவது

விடியுமுன் எல்லாரும் தூண் முற்றத்தில் கூடினோம். கொம்பையாவைக் கட்டிலோடு தூக்கி வந்தார்கள். கிழக்கே அறுமீன் ஒரு பிடிச் சாம்பலைத் தூவினாற்போல் ஏறியது. தூண்காரன் கொட்டாப்புளி என்ற மரச்சுத்தியலை ஓங்கிக் குரல் தூணை அடித்தான். அந்த ஒலி ஓயுமுன் கோலப்பன் அதன்மேல் பாடினான். கோலப்பன் முப்பது வயதுக்காரன். நல்ல தொண்டை. குறை சொல்ல முடியாது.

கொம்பையா விரலைத் தூக்கினான். ஒப்பு. சடைச்சி முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு, “இதேதான்” என்றாள்.

இருளப்பர் என்னைப் பார்த்தார்.

மிச்சம் சரியாக விழுந்தால், தூணின் ஒலியும் பாட்டும் ஒட்டியும் ஒட்டாமலும் உரசும். அப்போது மேலே, நெற்றிக்கும் மேலே, ஒரு வண்டின் சிறகு போல ஒன்று அதிரும். அன்று அது அதிர்ந்தபோது என் பல் கூசியது. அந்த அதிர்வுதான் மிச்சம். மற்றதெல்லாம் வெறும் பாட்டு. இன்று தூண் கேட்டது. பாட்டு கேட்டது. அதிர்வு இல்லை.

“இது இல்ல” என்றேன்.

கூட்டம் முணுமுணுத்தது. மறுபடி பாட முடியாது. அறுமீன் ஏறும் அந்த ஒரு சிறு பொழுதில் ஒருமுறைதான் பாடலாம். நாளைக்குத்தான். கோலப்பன் என்னிடம் வந்தான்.

“எங்க தப்புச்சு தாத்தா? மேலயா, கீழயா?”

“மேலயும் இல்ல, கீழயும் இல்ல. அதுல ஒண்ணு இல்ல.”

“என்ன இல்ல?”

“இருந்தா நான் ஏன் இல்லங்கேன்?”

அவன் தன் தலையில் தானே அடித்துக்கொண்டான். எனக்குப் பதினாறு பேர் அடித்தது போலிருந்தது. நான் என்ன, வேண்டுமென்றா சொல்கிறேன்? பிறக்கப்போவது என் வீட்டுப் பிள்ளை.

பெயரில்லா நாள், இரண்டாவது

இன்றும் இல்லை. இன்னும் சுத்தமாகப் பாடினான். இன்றும் அந்த அதிர்வு இல்லை.

வரும் வழியில் பெண்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். வாய்க்கால் மடை பெயரில்லா நாட்களில் திறக்காது. நாற்று மஞ்சளாகிவிட்டது. கழுதைக்காரன்கூட, “பெரியவரே, ஒரு தலையத்தான் ஆட்டுமேன்” என்கிறான். எனக்கு வரும் ஆத்திரத்தில் அவனுடைய கழுதையை அடிக்கலாம் போலிருந்தது.

மத்தியானம் சடைச்சி வந்தாள். என் வீட்டுக்கு அவள் வந்து எத்தனையோ வருடமாகிறது. உள்ளே வந்ததும் அல்லியின் வயிற்றைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். காதருகே வந்து கத்தினாள். கத்தினால்தான் எனக்கு உறைக்கும் என்று அவள் நினைப்பு.

“ஏலே, ஒனக்கு என்னதாம்லே வேணும்?”

“அதிரணும்.”

“அதிருது. நேத்தும் அதிர்ந்துச்சு, இன்னைக்கும் அதிர்ந்துச்சு. எனக்கு முதுகுத்தண்டு சிலுத்துப் போச்சு. கொம்பையாவுக்குக் கண்ணுல தண்ணி வந்துச்சு. பாத்தியா நீ?”

“நீ அன்னைக்குக் கொடுக்காப்புளியத்தான் கேட்டே.”

“ஆமான்னு சொல்லித் தொலையேன். இந்தப் பிள்ளையப் பாரு. இதுக்காகவாவது சொல்லு.”

“கேக்காததக் கேட்டேன்னு எப்படிச் சொல்ல? நாளுக்குப் பொய்ச்சாட்சி சொன்னா, இனி அறுவது வருசத்துக்கு ஊரு அந்தப் பொய்மேலதான் நாத்து நடும், அந்தப் பொய்மேலதான் தாலி கட்டும். என்னால ஆவாது.”

“அப்ப ஒங்காது செத்துப்போச்சுன்னு சொல்லிட்டு எந்திரிச்சுப் போ.”

நான் செம்பை எடுத்து எறிந்தேன். அவள் மேல் படவில்லை. அவள் போய்விட்டாள். போகும்போதும் ஏதோ சொல்லிக்கொண்டேதான் போனாள்.

காது செத்தது என்று சபையில் சொன்னவரைச் செத்தவராகவே கணக்கில் வைப்பார்கள். உயிரோடு இருக்கும்போதே அவர் தூணை அடித்து அனுப்பிவிடுவார்கள். எங்கள் பெரியப்பா அப்படிச் சொன்னவர். அதன்பிறகு பன்னிரண்டு வருடம் இருந்தார், தின்றார், உறங்கினார். சபையில் அவர் எழுந்து பேசினால் காற்றடித்த மாதிரி எல்லாரும் மேலே பார்ப்பார்கள். கடைசியில் உண்மையாகவே செத்தபோது, ஏற்கெனவே அடித்தாயிற்று என்று தூணையும் அடிக்கவில்லை. நாங்கள் நாலு பேர் சத்தமில்லாமல் தூக்கிப் போனோம்.

பொழுது சாயும்போது உழைத் தூண் அடித்தார்கள். கொம்பையா உழையில் பிறந்தவன். மிச்சத்தைக் கேட்டுவிட்டுத்தான் போவேன் என்றான். கேட்டுவிட்டுத்தான் போனான் என்று சடைச்சி தெருவெல்லாம் சொல்கிறாள்.

பெயரில்லா நாள், மூன்றாவது

இல்லை.

பெயரில்லா நாள், நான்காவது

காலையில் இல்லை. கோலப்பனின் தொண்டை கட்டத் தொடங்கிவிட்டது. கழுத்தில் சுக்குப் பற்றுப் போட்டிருக்கிறான். என்னைப் பார்த்து அவன் கும்பிட்டான். அதற்கு அவன் திட்டியிருக்கலாம்.

ஆட்டுக்காரர் பால் ஊற்ற வந்தார். மரத்தடியில் நான் இருந்தேன். பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்தார். அவரே உட்கார்ந்தது இதுதான் முதல் தடவை. கொஞ்ச நேரத்தில் இரண்டு காதுக்குள்ளும் விரலை விட்டுக்கொண்டார்.

“என்னய்யா?” என்றேன்.

“எப்படித்தான் இங்க இருக்கியளோ! காது அடைக்கு.”

“எதுக்கு?”

அவர் விரலை எடுத்தார். என் முகத்தைப் பார்த்தார். தலைக்குமேல் கிளைகளைப் பார்த்தார். மறுபடி என் முகத்துக்கு வந்தார். ஊரில் யாரும் அவரிடம் ஒன்றும் கேட்பதில்லை. அதனால் பதிலை அழகுபடுத்திச் சொல்ல அவர் பழகியிருக்கவில்லை.

“சில்வண்டுக்குத்தான்” என்றார்.

எழுந்து மரத்தைப் பார்த்தேன். என் கண் நல்ல கண். பட்டையின் மேல், கைக்கு எட்டும் இடத்தில், ஒரு வண்டு உட்கார்ந்திருந்தது. பட்டையின் நிறமே அதற்கும். அதற்கு மேலே இன்னொன்று. அதற்கும் மேலே எத்தனையோ. பக்கத்தில் போய்ப் பார்த்தேன். வயிறு ஏறி இறங்கி அதிர்ந்துகொண்டிருந்தது. சிறகின் ஓரம் புகை மாதிரி நடுங்கியது. மூக்கு படும் அளவுக்குப் போனேன். அது கத்திக்கொண்டிருந்தது என்பது ஒரு செவிடனுக்கும் பார்த்தாலே தெரியும்.

ஊமை வண்டாக இருக்கும். அப்படியும் ஒரு சாதி உண்டு என்று கேள்விப்பட்டிருக்கிறேன்.

எங்கே கேள்விப்பட்டேன் என்று நினைவில்லை.

பெயரில்லா நாள், ஐந்தாவது

இன்று முற்றத்துக்குப் போகவில்லை. உடம்புக்கு ஆகவில்லை என்று சொல்லி அனுப்பினேன். ஒரு காது வராவிட்டால் பாடக் கூடாது. ஒரு விடியல் வீண்.

அல்லியிடம் கேட்டேன்: “இந்த மரத்துல வண்டு கத்துதா?”

“ஆமா மாமா.”

“எப்பயிருந்து?”

“தாரம் பொறந்ததுலயிருந்தே.”

“ஏன் எங்கிட்டச் சொல்லல?”

அவள் எழுதுகோலை வைத்துவிட்டாள். இப்போது எடுத்திருக்கிறாள். நான்தான் எழுதச் சொன்னேன்.

“சொன்னேன் மாமா. ஒங்களுக்குக் கேக்கல.”

“கத்திச் சொல்ல வேண்டியதுதான!”

“கத்தியும் சொன்னேன். வாய்க்குள்ளேயே பேசுதான்னிய. அதுக்குமேல எப்படிச் சொல்ல? எம்பிள்ளைக்காக ஒங்கள உயிரோட தூணடிச்சு அனுப்பச் சொல்லணுமா நான்? நாளைக்கு ஒங்க மகன் வந்து, எங்கப்பா எங்கன்னு கேட்டா என்ன சொல்லுவேன்?”

இதற்கு நான் திட்டினேன். என்னென்ன திட்டினேன் என்பதை அவள் எழுத வேண்டாம். திட்டி முடித்ததும் அவள் என் முன்னால் கஞ்சியை வைத்தாள். குடித்தேன். இன்றும் உப்பில்லை.

மூன்று மாதமாக ஊரில் எல்லாரும் என்னைச் சுற்றி மெதுவாகப் பேசினார்கள் என்று நினைத்துத் திரிந்திருக்கிறேன். தூண்காரனைத் திட்டியிருக்கிறேன். நாள்காரரிடம் போய்ப் பூச்சிக் கணக்குச் சொல்லியிருக்கிறேன். அவர் என்னைப் பார்த்த பார்வை இப்போதுதான் விளங்குகிறது. விளங்கி என்ன பயன்? அந்த அதிர்வு எனக்கு மறக்கவில்லை. அது அப்படியே பல்லில் இருக்கிறது. யாராவது அதைப் பல்லிலிருந்து எடுத்துக் காதில் வைத்துத் தந்தால், இந்தக் கணமே ஒப்புவேன்.

அல்லி அடிக்கடி இடுப்பைப் பிடித்துக்கொள்கிறாள். கையை நிறுத்தாதே, அதையும் எழுது.

மிச்சம் 1

நான் சொல்லச் சொல்ல இன்று எழுதுவது நாள்காரர் இருளப்பர். அல்லி படுத்திருக்கிறாள். பெண் குழந்தை, மிச்சம் திறந்து வெயில் ஏறிய பிறகு பிறந்தது. மருத்துவச்சி என் முகத்துக்கு நேரே தூக்கிக் காட்டினாள். வாயை முழுக்கத் திறந்து கத்திக்கொண்டிருந்தது. நல்ல வாய். பார்த்தேன்.

காலையில் நடந்ததைச் சொல்கிறேன். நாள்காரரே, உங்களுக்குப் பிடிக்காத இடத்திலும் கையை நிறுத்தாமல் எழுதுங்கள்.

விடியுமுன்னே அல்லிக்கு வலி கண்டுவிட்டது. மருத்துவச்சி என்னை வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினாள். நான் முற்றத்துக்கு நடந்தேன். எல்லாரும் இருந்தார்கள். ஆட்டுக்காரர்கூடத் தூண்களுக்கு வெளியே, தன் ஆடுகளோடு நின்றார். சடைச்சி என்னைப் பார்க்கவில்லை. கிழக்கே வெளுக்கத் தொடங்கியிருந்தது. அறுமீன் இன்னும் ஏறவில்லை. கோலப்பன் வாய் திறக்குமுன் கையைத் தூக்கினேன்.

“இன்னைக்குப் பாடவே விடமாட்டாரு போல” என்று யாரோ கத்தினார்கள். அது எனக்கே கேட்டது.

“என் காது செத்துப்போச்சு” என்றேன்.

நாள்காரர் மூன்று முறை கேட்க வேண்டும், நான் மூன்று முறை சொல்ல வேண்டும் என்பது முறை. முதல் தடவை சொல்லும்போது கோபமாகச் சொன்னேன். இரண்டாவது தடவை யாரையோ குற்றம் சொல்வதுபோல் வந்தது. மூன்றாவது தடவைதான் சாதாரணமாகச் சொல்ல வந்தது.

சடைச்சி எழுந்து வந்தாள். என் கையைப் பிடித்துத் தூணுக்குப் பின்னால் இழுத்துப் போனாள். வாயை என் காதோடு ஒட்டினாள்.

“கிறுக்குப் பயலே, என்ன காரியம்லே செய்யுத? நான் ஒருத்தி சொன்னாப் போதும்னு ஆயிரும். நாளைக்கு நாத்து பொய்த்தா, பொருத்தம் கெட்டா, ஊரு மொத்தமும் என் ஒருத்தி வாசல்லதாம்லே மண்ண வாரித் தூத்தும். ரெண்டு பேரு சொன்னா ரெண்டு பேருக்கும் பாதிப் பாதி. என்னய மட்டும் விட்டுட்டுப் போறியா?”

என் கையை விடாமல் இறுக்கிப் பிடித்திருந்தாள். இத்தனை வருடத்தில் அவள் பயந்து நான் பார்த்ததில்லை. மனதுக்குக் கொஞ்சம் சந்தோஷமாகக்கூட இருந்தது. அதையும் எழுதுங்கள்.

“ஏசட்டும். அவனுவ ஏசுனா நீ திருப்பி ஏசு. ஒனக்கா சொல்லித்தரணும்?” என்றேன். “நீ கேட்டதச் சொல்லு. அதிகமாவும் வேண்டாம், குறையவும் வேண்டாம்.”

“அப்ப இனி சபையில நீ பேசுனா நான் மேலதான் பாப்பேன், தெரியும்லா?”

“இவ்வளவு நாளும் கீழயா பாத்தே?”

அவள் என் கையை விட்டுவிட்டாள்.

தூண்காரன் கைக்கிளைத் தூணுக்குப் போனான். பிள்ளைப் பருவத்திலிருந்து எத்தனையோ பேருக்கு அந்தத் தூணை அடிக்கக் கேட்டிருக்கிறேன். எனக்கு அடிக்கும்போது நான் கேட்கமாட்டேன் என்று நினைத்திருந்தேன். அவன் கொட்டாப்புளியை ஓங்கி, என்னை ஒருமுறை பார்த்துவிட்டு அடித்தான். அடிவயிற்றில் கேட்டது. மேல் பாதி எங்கே போனதோ. பெண்கள் வழக்கப்படி தலைமுடியை அவிழ்த்துவிட்டார்கள். நான் நடுவில் நின்றேன். என்னைப் பார்ப்பதா வேண்டாமா என்று யாருக்கும் தெரியவில்லை. எனக்கும் கையை எங்கே வைப்பதென்று தெரியவில்லை.

செத்தவன் எழுந்து போகுமுன் தன் இடத்தை ஒப்படைத்துவிட்டுப் போக வேண்டும். நாள்காரர் கேட்டார்: “கேட்டவங்கள்ல இன்னும் உசுரோட இருக்கிறது யாரு?”

பெயரை மட்டும் சொன்னால் போதும். எனக்கு அப்படிச் சொல்ல வரவில்லை. அந்தப் பாறை முழுவதும் கண்முன் வந்துவிட்டது. சொன்னேன்.

பாறையின் உச்சியில் உட்கார்ந்திருந்தவர் செம்புலி. கல் உருண்டு செத்தார். அவருக்குக் கீழே அவர் தங்கை குயிலாள், முதல் பிரசவத்தில். அவளை ஒட்டி இரட்டைப் பிறவிகள், இளியன், இளியாண்டி. ஒருவன் காய்ச்சலில் போனான். மற்றவன் அவன் போன எட்டாம் நாள், ஒன்றுமில்லாமல். ஓரத்தில் கால் தொங்கப்போட்டிருந்த ஒச்சப்பன் கடலைப் பார்க்கிறேன் என்று போய்த் திரும்பவில்லை. செத்தான் என்று பிறகு ஓர் ஆள் வந்து சொன்னான். என் அக்கா பவளக்கொடி, பாம்பு கடித்து. மூக்கு ஒழுகிக்கொண்டிருந்த தவசி, கிழவனாகி, மூக்கு ஒழுகிக்கொண்டே. கொம்பையா நாலு நாள் முன்னால். வேம்பன் இப்போது.

அறுமீன் ஏறத் தொடங்கியிருந்தது. கோலப்பன் மூச்சை இழுத்துப் பிடித்திருந்தான். தூண்காரன் குரல் தூணின் முன்னால் கொட்டாப்புளியோடு நின்றான்.

“இருக்கிறது ஒருத்திதான்” என்றேன். “மேலத்தெரு மாயாண்டி மகள் சடைச்சி.”